என் கணவருக்கு ஜாமீன் வேண்டாம் என்றேன்

போலீஸ் எங்கள் காரை நிறுத்திய இடத்தில் நிழலே இல்லை. திருப்பதியில் சாமி கும்பிட்டுவிட்டு, வேலூர் தாண்டி, போளூரும் தாண்டி வந்திருந்தோம். எங்கள் ஊர் மலை கண்ணுக்குத் தெரிந்துவிட்டது. வீடு வந்துவிட்டது என்று நான் காலால் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தேன். என் மகள் பின் சீட்டில் என் மடியில் தலை வைத்துத் தூங்கிக்கொண்டிருந்தாள். அப்போது அவளுக்கு ஒன்பது வயது.

விட்டுவிடுவார்கள் என்றுதான் நினைத்தேன். கார் ஓட்டிய என் கணவர் மொட்டையடித்துத் தலையில் சந்தனம் பூசியிருந்தார். முன்னால் லட்டுப் பை. எங்களைப் பார்த்தால் யாருக்குச் சந்தேகம் வரும்? ஆனால் அவர்கள் கையில் வண்டி நம்பர் இருந்தது. ஒரு பெண் காவலர் கதவைத் திறந்து, என் மகளைத் தூக்கக் கலக்கத்தோடு அப்படியே அள்ளி எடுத்துக்கொண்டார். நான் இறங்கியதும் இரண்டு பேர் பின் சீட்டைப் பெயர்த்து எடுத்தார்கள். அடியில் பழுப்பு நிற டேப் சுற்றிய பொட்டலங்கள், செங்கல் அடுக்கியதுபோல நெருக்கமாக இருந்தன. ஒன்றைக் கத்தியால் கீறியதும் கஞ்சா வாடை அடித்தது.

"சார், சத்தியமா எனக்கு ஒண்ணும் தெரியாது சார். ஃபேமிலியோட கோயிலுக்குப் போய்ட்டு வர்றேன். பாருங்க சார், கொழந்த இருக்குது பாருங்க."

அவர் விரல் மகளைச் சுட்டியது. நான் அந்த விரலையே பார்த்துக்கொண்டு நின்றேன். அப்போது எனக்கு எதுவும் விளங்கவில்லை.

இதை எழுதும்போது 'அவன்' என்றுதான் கை போகிறது. மகள் என்றாவது படிப்பாள் என்பதால் 'அவர்' என்று எழுதுகிறேன். வேறு மரியாதை எதுவும் இல்லை.

அவர் டூரிஸ்ட் கார் ஓட்டுபவர். ஆசிரமங்களுக்கு வரும் வெளிநாட்டுக்காரர்களை சென்னை ஏர்போர்ட்டிலிருந்து கூட்டிவருவார். குடிக்க மாட்டார், என்னை அடித்ததில்லை. பௌர்ணமி நாட்களில் கிரிவலக் கூட்டத்துக்கு ஓட்டி ஓட்டிக் களைத்து வந்தாலும் மகளுக்குத் தலை வாரிவிடுவார். அப்படிப்பட்டவரை யாரோ சிக்க வைத்துவிட்டார்கள் என்று நான்தான் முதலில் எல்லோரிடமும் சொன்னேன். சாயங்காலம் வரை எங்களை ஸ்டேஷனில் உட்காரவைத்து விசாரித்த பெண் எஸ்.ஐ.யிடமும் அதையேதான் சொன்னேன். மகளுக்கு ஒரு பிஸ்கட் பாக்கெட் வாங்கித் தந்து, "கூப்பிட்டா வரணும்மா" என்று அனுப்பிவைத்தார். வாசல் வரை வந்தவர், "நல்ல புருஷன்மா உனக்கு" என்றார். எனக்கு அவர்மேல்தான் கோபம் வந்தது.

வேலூர் ஜெயிலுக்கு மனுப் போட்டுப் போய்ப் பார்த்தேன். வலைக்கு அந்தப் பக்கம் நின்று, "வக்கீல் சொல்ற மாதிரி செஞ்சிடு" என்றார். மகளைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. பயத்தில் மறந்துவிட்டார் என்று நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

அதற்கு அடுத்த வாரம் மகளோடு மார்க்கெட்டுக்குப் போனேன். தள்ளுவண்டியில் ஒருவர் பலாப்பழம் அறுத்துக்கொண்டிருந்தார். மகள் மூக்கைப் பொத்திக்கொண்டு என் பின்னால் ஒளிந்தாள்.

"அம்மா, போலாம்மா. கார்ல வந்த நாத்தம்."

நான் அங்கேயே நின்றுவிட்டேன். எங்கள் வீட்டில் யாரும் பலாப்பழம் தொடமாட்டோம். மகளுக்கு அந்த வாசனையே ஆகாது. திருப்பதியிலிருந்து திரும்பும் வழியில், சித்தூருக்கு முன்னால் ஒரு ஓட்டலில் எங்களைச் சாப்பிட உட்காரவைத்துவிட்டு, பஞ்சர் பார்த்துவிட்டு வருகிறேன் என்று அவர் காரை எடுத்துப் போனார். நாங்கள் சாப்பிட்டு, கை கழுவி, ஓட்டல்காரர் இரண்டு முறை வந்து மேசையைத் துடைக்கும் வரை வரவில்லை. வந்தபோது பின் சீட்டின் காலடியில் பாதி அறுத்த பலாப்பழம் ஒன்று கிடந்தது. யாரோ கொடுத்தார்கள் என்றார். மகள் வழியில் வாந்தி எடுத்தாள். இதை டிக்கியில் போடுங்கள் என்று கெஞ்சினேன்.

"அங்கயே இருக்கட்டும்னு சொல்றன் இல்ல!"

அவர் என்னிடம் அப்படிக் கத்தியது அதுவே முதல் முறை. பிறகு கண்ணாடிகளை ஏற்றிவிட்டு ஊதுபத்தியும் கொளுத்தி வைத்தார். மகள் அந்த நெடியிலேயே மயங்கியதுபோலத் தூங்கிப்போனாள்.

கஞ்சா வாடையை மறைக்கத்தான் அந்தப் பலாப்பழமும் ஊதுபத்தியும் என்று மார்க்கெட்டிலேயே எனக்கு உறைத்தது. அன்று சாயங்காலம் அவருடைய அண்ணனுக்குப் போன் செய்து பலாப்பழத்தைச் சொன்னேன். "நடந்தது நடந்துபோச்சி. இப்ப அத்தக் கிளறாத" என்றார். 'என்ன பலாப்பழம்' என்று அவர் கேட்கவே இல்லை.

சில நாட்களில் வக்கீலையும் என் மாமியாரையும் கூட்டிக்கொண்டு அண்ணன் வேங்கிக்காலில் இருக்கும் என் வீட்டுக்கு வந்தார். என் வீடு என்று அழுத்தித்தான் சொல்கிறேன். என் அப்பா எனக்கு எழுதிவைத்தது. வக்கீல் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்து விளக்கினார். பிடிபட்டது இருபது கிலோவுக்கு மேல். அந்த அளவு இருந்தால் மற்ற வழக்குகள் மாதிரி ஜாமீன் கிடைக்காது. இவர் குற்றம் செய்திருக்க மாட்டார், வெளியே போனாலும் செய்ய மாட்டார் என்று ஜட்ஜுக்கே நம்பிக்கை வர வேண்டும்.

"அந்த நம்பிக்கைய நீங்கதாம்மா குடுக்கணும்" என்றார். "அவருக்குத் தெரியாம யாரோ வெச்சிட்டாங்கனு ஒரு அஃபிடவிட். அப்புறம் இந்த வீட்ட காட்டி ஜாமீன் கையெழுத்து. கோர்ட்ல நான் ஒண்ணே ஒண்ணுதான் கேக்கப் போறேன். எந்தத் தகப்பனாவது பெத்த பொண்ண கஞ்சா மேல உக்கார வெச்சிக் கூட்டிட்டு வருவானா?"

சொல்லிவிட்டு அவரே அதை ரசித்தார். மாமியார் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். ரோட்டில் போலீஸிடம் காட்டிய அதே பிள்ளையை இப்போது ஜட்ஜிடம் காட்டப் போகிறார்கள்.

"அவருக்குத் தெரியும்" என்றேன்.

"இன்னாடி சொல்ற?" என்றார் மாமியார்.

"தெரிஞ்சேதான் கூட்டிட்டுப் போனாரு அத்தை. கொழந்தய வெச்சிக் கடத்துனாரு. நான் கையெழுத்துப் போடமாட்டேன்."

வக்கீல் சிரித்தார். "புருஷன் பொண்டாட்டிகிட்ட சொன்னத கோர்ட்ல சொல்ல முடியாதும்மா. சட்டமே ஒத்துக்காது. வீணா அசிங்கப்படாதீங்க."

"மொதல்ல எழுந்திருங்க சார்" என்றேன். "இது எங்கப்பா போட்ட சேர்."

அவர்கள் போன பிறகு மாமியார் மட்டும் தெருவிலேயே நின்று, குனிந்து மண்ணை வாரி என் வாசலில் வீசினார். "கட்டுனவன உள்ள தள்ளிட்டு நீ நல்லா இருந்துடுவியா?" எதிர் வீட்டுக்காரர்கள் எல்லாம் வெளியே வந்து பார்த்தார்கள். நான் துடைப்பத்தை எடுத்துவந்து அவர் முன்னாலேயே அந்த மண்ணைக் கூட்டித் தள்ளினேன். இன்றைக்கும் அதற்காக எனக்கு வருத்தமில்லை.

போதைப்பொருள் வழக்குகளுக்கான சிறப்பு நீதிமன்றம் பக்கத்து மாவட்டத்தில் இருந்தது. லீவு போட்டு பஸ் ஏறிப் போய் அரசு வக்கீலைப் பார்த்தேன். அவர் என்னை நல்லபடியாக வரவேற்றார் என்று சொல்ல முடியாது. கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து, "நீங்களும் அதே கார்லதான இருந்தீங்க?" என்றார்.

"ஆமாங்க."

"வாயத் தொறந்தா உங்களையே ரெண்டாவது அக்யூஸ்டா சேத்துடுவாங்க. தெரியுமா?"

"சேக்கட்டுங்க. எனக்கும் கேக்கறதுக்கு நாலு இருக்குது."

அதற்குப் பிறகுதான் உட்காரச் சொன்னார். நான் ஜெயிலில் என் கணவர் பேசியதிலிருந்து ஆரம்பித்தேன். கையைக் காட்டி நிறுத்தினார். "அவரு உங்ககிட்ட சொன்னது வேணாம். நீங்க கண்ணால பாத்தத மட்டும் சொல்லுங்க." ஓட்டல், பஞ்சர், பலாப்பழம், ஊதுபத்தி எல்லாம் சொன்னேன். போலீஸ் அதை வாக்குமூலமாக எழுதிக்கொண்டது. அந்த ஓட்டலில் போய் விசாரித்தார்கள். என்னைக் குற்றவாளியாகச் சேர்க்கவில்லை, சாட்சியாகச் சேர்த்தார்கள்.

ஜாமீன் மனு விசாரணைக்கு வந்த அன்று நான் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். எங்கள் வக்கீல், அவரை எங்கள் வக்கீல் என்று சொல்லவே நாக்கு கூசுகிறது, அந்தத் தகப்பன் கேள்வியைக் கேட்டார். குரல் தழுதழுக்கக் கேட்டார். அரசு வக்கீல் எழுந்து, "மனைவியே வேற மாதிரி சொல்றாங்க" என்று என் வாக்குமூலத்தைக் கொடுத்தார். ஜட்ஜ் அதைக் கடைசி வரை படித்தார். மனு தள்ளுபடி. வெளியே வராந்தாவில் அவருடைய அண்ணன் என்னை இடித்துக்கொண்டு போனார். "எவன் சொல்லிக்குடுத்தான்டி உனக்கு?"

ஊரில் அதன் பிறகு எனக்கு வேறு பெயர் வந்துவிட்டது. புருஷனை உள்ளே தள்ளினவள். நான் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை செய்கிறேன், ரத்தம் எடுப்பவள். தெரிந்த பெண்கள் சிலர் என்னிடம் ரத்தம் கொடுக்கும் முறை வந்தால், வேறு ஆள் எடுக்கட்டும் என்று காத்திருப்பார்கள். எல்லாவற்றையும்விட வலித்தது மகள். ஒருநாள் பள்ளியிலிருந்து வந்து பையை வீசிவிட்டு, "உன்னாலதான் அப்பா ஜெயில்ல இருக்குறாரு. பாட்டி சொல்லிச்சி" என்றாள். மாமியார் ஸ்கூல் வாசலுக்கே போய் ஓதியிருக்கிறார். அவளை எதன்மேல் படுக்க வைத்தார் என்று எப்படிச் சொல்வது?

மழைக்காலம் முடிந்ததும் சென்னையில் ஐகோர்ட் ஜாமீன் கொடுத்துவிட்டது. உள்ளே இருந்து நாளாகிவிட்டது, பொட்டலங்களிலிருந்து மாதிரி எடுத்ததில் போலீஸ் முறையாக நடக்கவில்லை என்று வாதாடியிருக்கிறார்கள். எனக்கு யாரும் தகவல் சொல்லவில்லை. மாமியார் வீட்டுத் தெருவில் பட்டாசு வெடித்தார்கள் என்று பால்காரர் சொல்லித்தான் தெரிந்தது. பெற்ற பிள்ளை கஞ்சா வழக்கில் ஜாமீனில் வந்ததற்குப் பட்டாசு! ஜாமீன்தாரராக அண்ணன் ஒருவர், முன்பின் பார்த்திராத இன்னொருவர். அந்த இன்னொருவருக்கு இவர்மேல் என்ன அக்கறை என்று கேட்பார் இல்லை.

நிபந்தனைகளை அரசு வக்கீலிடம் போன் செய்து கேட்டுக்கொண்டேன். கீழ்பென்னாத்தூரில் அண்ணன் வீட்டில் தங்க வேண்டும். தினமும் காலையில் டவுன் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும். சாட்சிகளைக் கலைக்கக் கூடாது. நான் சாட்சி. அதனால் என் பக்கம் வரமாட்டார் என்று நம்பினேன்.

வேலைக்குப் போகிற பஸ் அந்த ஸ்டேஷனைத் தாண்டித்தான் போகும். எதிரே டீக்கடையில் நண்பர்களோடு நின்று சிரித்துக்கொண்டிருப்பார். முடி வளர்ந்து, மீசை திருத்தி, முன்பைவிடத் தெளிவாக இருந்தார். என்னைப் பார்த்துவிட்டால் டீ கிளாஸை லேசாகத் தூக்கிக் காட்டுவார். நான் பஸ்ஸில் இடம் மாறி மறு பக்கம் உட்கார ஆரம்பித்தேன். பிறகு, நான் ஏன் மாற வேண்டும் என்று பழைய இடத்துக்கே வந்துவிட்டேன்.

ஒருநாள் காலையில் எங்கள் பரிசோதனை நிலையத்தில் கூட்டம் ஜாஸ்தி. அடுத்து யார் என்று நிமிராமலே கேட்டேன். சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு அவர் வந்து என் முன்னால் உட்கார்ந்தார். டாக்டர் சீட்டு வைத்திருந்தார். வெறும் வயிற்றில் சர்க்கரை பார்க்க வேண்டுமாம்.

பத்துப் பேருக்கு முன்னால் என்ன செய்வது? ரப்பர் பட்டையைக் கட்டினேன். ஸ்பிரிட் பஞ்சால் துடைத்தேன். பன்னிரண்டு வருடம் என்மேல் கிடந்த கை அது. நரம்பு எங்கே இருக்கிறது என்று தேட வேண்டியதே இல்லை. ஊசி இறங்கியதும் தலையைக் குனிந்து மெதுவாகப் பேச ஆரம்பித்தார்.

"சாட்சி சொல்ற அன்னிக்கு ஞாபகம் இல்லனு சொல்லிடு. அவ்ளோதான். வேற ஒண்ணும் வேணாம்."

"கைய ஆட்டாதீங்க."

"உன்ன எதுவும் சொல்லமாட்டாங்க. பொம்பள, பயந்து ஒளறிட்டேன்னு சொன்னா ஜட்ஜ் ஒத்துக்குவாரு."

குழாயில் ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. கேட்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டே கேட்டுவிட்டேன். "கொழந்தய எதுக்கு கூட்டிட்டுப் போன?"

கல்யாணமான நாளிலிருந்து அவரை ஒருமையில் கூப்பிட்டது அப்போதுதான். அவர் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை.

"கொழந்த இருந்தா வண்டிய நிறுத்த மாட்டாங்கனு சொன்னாங்க. போன தடவ நிறுத்தவே இல்லியே. அவளுக்கு இன்னா ஆயிடுச்சி இப்ப?"

போன தடவை. திருப்பதிக்கு முன்பு, கோடை விடுமுறையில் எங்களைக் காளஹஸ்திக்குக் கூட்டிப் போயிருந்தார். இப்போது அந்தப் பயணமும் என்னிடமிருந்து போய்விட்டது. ஊசியை எடுத்தேன், பஞ்சை வைத்து அழுத்தினேன். என் கை நடுங்கவில்லை என்பதில் எனக்கு இன்றும் ஒரு திமிர் உண்டு.

"யோசிச்சிக்கோ" என்றார் எழுந்துகொண்டே. "அவ தினம் ஸ்கூல் விட்டு தனியாத்தான வர்றா?"

அப்படியே போய்விட்டார். நான் குழாயில் நம்பர் ஒட்டி அனுப்பிவிட்டு, கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு நேராக ஸ்டேஷனுக்குப் போனேன். அங்கே இருந்தவர் எழுதிக்கொள்ளவே தயாராக இல்லை.

"ரத்தம் டெஸ்ட் பண்ண வந்திருக்காரு. இதுல இன்னாம்மா தப்பு? குடும்ப விஷயத்த உக்காந்து பேசித் தீத்துக்குங்க."

"எனக்கும் அவருக்கும் குடும்பம் இல்லீங்க. நான் சாட்சி, அவரு அக்யூஸ்டு. எழுதிக்குங்க."

"அவரு பேசனத வேற யாரு கேட்டாங்க?"

அப்படியே திரும்பி வந்தேன். எங்கள் நிலையத்தில் பில் போடும் அம்மா ஒருவர் இருக்கிறார். எங்களைவிட மூத்தவர், உருதுவில் அக்கா என்பதுபோல எல்லோரும் ஆபா என்று கூப்பிடுவோம். எனக்கும் அவருக்கும் அவ்வளவாகப் பேச்சு கிடையாது. வழக்கு வந்த பிறகு அவரும் என்னைத் தவிர்க்கிறார் என்றே எண்ணியிருந்தேன். அன்று பில் போடும் இடத்தை விட்டு எழுந்து வந்தார்.

"ஸ்டேஷன்ல இன்னா சொன்னாங்க?"

சொன்னேன்.

"என் சேர் உன் பின்னாலதான இருக்குது. நான் முழுசா கேட்டேன். அந்த ஆளு பொண்ண பத்தி சொன்னது வரைக்கும் கேட்டேன். நான் வந்து சொல்றேன், வா."

"உங்களுக்கு எதுக்கு ஆபா வம்பு? வீட்ல எதுனா சொல்லுவாங்க."

"சொல்லட்டும். எனக்கும் பேத்தி இருக்கா."

துப்பட்டாவைத் தலையில் சரி செய்துகொண்டு எனக்கு முன்னால் நடந்தார். ஸ்டேஷனில் முதலில் சொன்ன அதே பேச்சை அவரிடமும் பேசினார்கள். ஆபா நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, எழுதும்வரை எழுந்திருக்கப் போவதில்லை என்று சொல்லிவிட்டார். எழுதினார்கள்.

அரசுத் தரப்பில் ஜாமீனை ரத்து செய்ய மனுப் போட்டார்கள். சுலபத்தில் நடந்துவிடவில்லை. வாய்தாமேல் வாய்தா. அந்த நாட்களில் மகளை நானே பள்ளியில் விட்டு நானே கூட்டிவந்தேன். மத்தியானம் வெளியே போவதற்கு முதலாளியிடம் தினமும் நின்று பேச்சு வாங்கினேன். கடைசியில் ஐகோர்ட் ஜாமீனை ரத்து செய்தது. கையெழுத்துப் போட வந்த இடத்திலேயே பிடித்துக்கொண்டு போனார்கள். நான் பஸ்ஸில் போகும்போது டீக்கடையில் அந்த நண்பர்கள் மட்டும் நின்றிருந்தார்கள். அன்று மாமியார் மறுபடியும் என் வாசலுக்கு வந்தார். இந்த முறை கத்தவில்லை. "என் புள்ள சாவுக்கு நீதான்டி காரணமா இருப்ப" என்று அமைதியாகச் சொல்லிவிட்டுப் போனார். கத்தியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

விசாரணையில் என்னைக் கூண்டில் ஏற்றி, அந்த வக்கீல் கேட்காத கேள்வி இல்லை. உங்களுக்கு வேறு யாரோடாவது தொடர்பு உண்டா? வீட்டை விற்றுவிட்டுப் போகத் திட்டமா? பலாப்பழம் வைத்திருப்பது சட்டப்படி குற்றமா? கடைசிக் கேள்விக்கு யாரோ சிரித்தார்கள். நான் ஜட்ஜைப் பார்த்து, பார்த்ததை மட்டும் சொன்னேன். மாதிரி எடுத்ததில் தப்பு என்பதை அந்த நீதிமன்றம் ஏற்கவில்லை. தீர்ப்பில் பத்து வருடம் கொடுத்தார்கள். அப்பீல் போட்டிருக்கிறார்கள். அதில் தண்டனையை நிறுத்திவைத்து ஜாமீன் கேட்டிருப்பதாகக் கேள்வி. கிடைத்தாலும் கிடைக்கலாம். சட்டத்தில் இடமிருந்தால் கொடுக்கட்டும். என்னைக் கேட்டால் இப்போதும் வேண்டாம் என்றுதான் சொல்வேன்.

தீர்ப்பு வந்த அடுத்த ஞாயிற்றுக்கிழமை மகள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு இப்போது விவரம் தெரிகிற வயது. தலை நிமிராமல், "கோர்ட்ல நீ இன்னா சொன்ன?" என்று கேட்டாள். இனிமேல் மறைப்பதில்லை என்று எல்லாவற்றையும் சொன்னேன். அவள் படுத்துக்கொண்டு வந்த சீட்டுக்கு அடியில் என்ன இருந்தது என்பதையும், காளஹஸ்தியையும் சொன்னேன்.

"அப்பாவுக்குத் தெரிஞ்சேவா?"

"தெரிஞ்சேதான்."

மடித்த துணியைப் பிரித்து மறுபடி மடித்தாள். அழுவாள் என்று நினைத்தேன், அழவில்லை. என்மேல் இருந்த கோபம் போய்விட்டது என்றும் சொல்ல முடியாது. அடுத்த துணியைக் கையில் எடுத்துக்கொண்டு, "பாட்டி ஸ்கூலுக்கு வந்தா நான் இன்னா சொல்லணும்?" என்று கேட்டாள்.

"உனக்கு இன்னா தோணுதோ அதச் சொல்லு" என்றேன்.

யோசித்துப் பார்த்துவிட்டு, துணிகளை அலமாரியில் வைக்கப் போனாள்.